கற்பனைத் தரிசனத்துக்கு முதலில் ஓர் எதிராளி வேண்டும்

கேட்கப்பட்டது இது. கற்பனைத் தீவு ஒன்றில் நடக்கும் நாவலை எழுதிக்கொண்டிருக்கும் ஒருவர், அந்தத் தீவுக்கென்று ஒரு தரிசனத்தை, அதாவது தத்துவ மரபை, உருவாக்க நினைக்கிறார். “காட்சி காண்பவனுக்கே உரியது, இருவர் ஒரே உலகத்தைக் காண்பதில்லை” என்பது அந்த மரபின் கொள்கை. வாசகர் நம்பும்படி இதை எப்படிக் கட்டுவது? நிறுவனரும் மூலநூலும் அவசியமா? இந்த மரபினர் கையில் அரசவை வந்தால் என்ன நடக்கும்? என் பதில் கொஞ்சம் நீளம்.

உங்கள் கொள்கையை ஒரு வரியில் சொல்லிவிட்டீர்கள். சிக்கலே அங்கேதான். அந்த ஒரு வரியை எந்தக் காலத்திலும் எந்த ஊரிலும் யார் வேண்டுமானாலும் சொல்லலாம். சொல்லிவிட்டுச் சாப்பிடப் போய்விடலாம். எதிரே உட்கார்ந்திருப்பவன் விடாப்பிடியாக, “அப்படியானால் திண்ணையில் இருக்கும் இந்தப் பானையை நாம் இரண்டு பேரும் ஒரே இடத்தில் எப்படிப் பார்க்கிறோம்?” என்று மடக்கி, அதற்கு ஒருவர் பதில் சொல்ல உட்கார்ந்த நாளில்தான் மரபு பிறக்கிறது. அதனால் நிறுவனரைப் பற்றி யோசிக்கும் முன் எதிராளியைப் படைத்துவிடுங்கள். அவன் கெட்டிக்காரனாக இருக்க வேண்டும், உங்கள் தத்துவவாதியைவிடக் கூர்மையானவனாக இருந்தால் இன்னும் நல்லது. நாவல்களில் வரும் கற்பனைத் தத்துவங்கள் பெரும்பாலும் நிற்காமல் போவதற்குக் காரணம், அவற்றை யாரும் எதிர்த்துக் கேட்பதே இல்லை. தாடி வைத்த பெரியவர் சொல்கிறார், சீடர்கள் தலையாட்டுகிறார்கள், அத்தியாயம் முடிந்துவிடுகிறது.

உண்மையில் இது எப்படி நடந்தது என்பதற்கு எனக்குத் தெரிந்த மிகச் சிறந்த உதாரணம் வசுபந்துவின் விம்சதிகா. இன்றைய பெஷாவர், அன்றைய புருஷபுரத்தில் பிறந்தவர். காலம் நான்காம் அல்லது ஐந்தாம் நூற்றாண்டு. பௌத்தத்தின் யோகாசாரப் பிரிவைச் சேர்ந்த அந்த நூலில் இருபது சொச்சம் செய்யுள்கள்தான், அவற்றுக்கு அவரே எழுதிய உரையும் உண்டு. தொடக்கத்திலேயே கொள்கையைச் சொல்லிவிடுகிறார்: தெரிவதெல்லாம் அறிவின் தோற்றம் மட்டுமே, திமிரம் என்ற கண்நோய் வந்தவனுக்கு இல்லாத மயிரிழைகள் தெரிவதைப் போல. அவ்வளவுதான். அடுத்த செய்யுளில் எதிராளி எழுந்துவிடுகிறான்.

அவன் கேட்பவை நான்கு கேள்விகள். உதாரணங்களை மட்டும் நம் பக்கத்துக்கு மாற்றிச் சொல்கிறேன். வெளியே பொருளே இல்லையென்றால் மாமரம் ஏன் தோப்பில் மட்டும் தெரிகிறது, அடுக்களையில் ஏன் தெரிவதில்லை? தோப்பிலும் காய் ஏன் பருவத்தில் மட்டும் தெரிகிறது? கண்நோய்க்காரனின் மயிரிழை அவன் ஒருவனுக்குத்தான் தெரியும், மரமோ அங்கே நிற்கும் பத்துப் பேருக்கும் தெரிகிறதே, அது எப்படி? கடைசியாக, கனவில் உண்ட சோறு வயிற்றை நிரப்பாது, கனவில் பாய்ந்த கத்தி தோலைக் கிழிக்காது; விழித்திருக்கும்போது இரண்டும் வேலை செய்கின்றனவே, ஏன்?

இவை ஒப்புக்குக் கேட்கப்பட்டவை என்று நினைத்துவிடாதீர்கள். இன்றைக்கு ஒரு கல்லூரி மாணவர் இந்தக் கொள்கையை முதன்முறையாகக் கேட்டால் அவருக்குத் தோன்றும் ஆட்சேபங்கள் இவைதாம். வசுபந்து அவற்றைத் தாமே எழுதி எதிராளி வாயில் வைத்துவிட்டுப் பதில் சொல்லத் தொடங்குகிறார். முதல் இரண்டுக்கும் கனவே பதில். கனவிலும் தோட்டம் ஓர் இடத்தில்தான் தெரிகிறது, எல்லா இடத்திலும் தெரிவதில்லை. அதுவும் ஒரு நேரத்தில்தான் தெரிகிறது. நான்காவதற்கும் கனவையே எடுக்கிறார்: கனவில் காணும் புணர்ச்சிக்கு உடல் உண்மையாகவே ஈரமாகிறதே, இல்லாத பொருள் அங்கே வேலை செய்யவில்லையா? துறவி என்பதால் அவர் கூச்சப்பட்டு ஒதுங்கவில்லை.

மூன்றாவது கேள்விக்கான பதில்தான் உங்களுக்குத் தேவைப்படுவது. பிரேதங்கள், அதாவது முன்வினையால் பேயாய்ப் பிறந்தவை, ஆற்றங்கரைக்கு வந்தால் தண்ணீர் இருக்கும் இடத்தில் சீழைப் பார்க்கின்றன என்பது பௌத்தர்களிடையே வழங்கிவந்த நம்பிக்கை. ஒரு பிரேதம் மட்டும் பார்ப்பதில்லை, அங்கே வரும் எல்லாப் பிரேதங்களும் பார்க்கின்றன. ஏனென்றால் அவை ஒரே வகை வினையைச் செய்து ஒரே வகைப் பிறவியை அடைந்தவை. ஆகவே பலருக்கு ஒன்றுபோல் தெரிவதாலேயே ஒரு பொருள் வெளியே இருக்கிறது என்று ஆகிவிடாது. நரகத்துக் காவலர்களையும் சாட்சிக்கு அழைக்கிறார். அவர்கள் உண்மையான உயிர்களாக இருந்தால் அந்தத் தீயில் அவர்களும் வெந்துபோவார்களே. ஆனாலும் நரகத்தில் கிடப்பவர்கள் அத்தனை பேரும் அவர்களைப் பார்த்து நடுங்குகிறார்கள்.

இங்கே என்ன நடந்தது என்பதைக் கவனியுங்கள். உங்கள் வரியில் ‘ஒவ்வொருவருக்கும் ஓர் உலகம்’ என்றிருக்கிறது. எதிராளியின் மூன்றாம் கேள்வி வசுபந்துவை அங்கிருந்து நகர்த்தி, ‘ஒவ்வொரு வகையினருக்கும் ஓர் உலகம்’ என்ற இடத்தில் கொண்டுவந்து நிறுத்திவிட்டது. பிற்பாடு கிழக்காசியாவில் இதையே ‘ஒரு நீர், நான்கு காட்சி’ என்று சூத்திரம்போல் ஆக்கிக்கொண்டார்கள். தேவர்களுக்கு மணி பதித்த தரை, மனிதர்களுக்குத் தண்ணீர், மீன்களுக்கு வீடு, பிரேதங்களுக்குச் சீழ். நாவலாசிரியருக்கு இது பொற்புதையல். தனிமனிதன் தோறும் ஓர் உலகம் என்றால் கதை சிதறிப்போகும். வகைதோறும் ஓர் உலகம் என்றால் உங்கள் தீவில் ஒரு சமூகம் கிடைக்கிறது. மீனவர் பார்க்கும் கடலும் உப்பளத்தார் பார்க்கும் கடலும் வேறு. அந்த வேற்றுமைக்கு முற்பிறவி வினையைக் காரணம் காட்டும் ஒரு குரு வந்துவிட்டால் என்னென்ன அநியாயங்களை நியாயப்படுத்தலாம் என்பதையும் யோசித்துப் பாருங்கள்.

அந்த நூலிலேயே இன்னொரு கேள்வி வருகிறது, என்னைக் கேட்டால் தத்துவ உலகின் மிகக் கூரிய கேள்விகளில் ஒன்று. எல்லாம் தோற்றம்தான் என்றால் ஆட்டை அறுப்பவன் யாரைக் கொல்கிறான்? அவனுக்குப் பாவம் எங்கிருந்து வந்தது? வசுபந்துவின் பதில்: ஓர் உயிரின் அறிவோட்டத்தில் எழும் எண்ணம் இன்னோர் உயிரின் அறிவோட்டத்தைத் தாக்கி முறிக்க முடியும், அந்த முறிவுக்குத்தான் மரணம் என்று பெயர். முனிவர்களின் சினத்தாலேயே தண்டகம் முதலான இடங்கள் பாழ்பட்டு வெறுங்காடானதாக வழங்கும் பழங்கதையைச் சான்றாகக் காட்டுகிறார். பதில் உங்களுக்குத் திருப்தி தராமல் போகலாம். எனக்கும் முழுத் திருப்தி இல்லை. ஆனால் கொலைக்கு என்ன பொருள் என்று சொல்ல முடியாத தரிசனத்தை எந்த ஊரும் ஏற்றுக்கொள்ளாது என்பது அவருக்குத் தெரிந்திருக்கிறது. உங்கள் தீவின் தத்துவவாதியும் ஒருநாள் கசாப்புக்காரன் முன்னால் நின்றாக வேண்டும்.

மரபுக்கு வெளியே எதிராளி இருப்பது போதாது, உள்ளேயும் ஒருவன் வேண்டும். யோகாசாரத்தில் அந்த உட்பூசல் சில நூற்றாண்டுகள் புகைந்தது. நான் காண்பதெல்லாம் என் அறிவின் தோற்றம் என்றால், பிறருக்கு மனம் இருக்கிறது என்பது மட்டும் எனக்கு எப்படித் தெரியும்? ஏழாம் நூற்றாண்டில் தர்மகீர்த்தி இதற்காகவே ஒரு நூல் எழுதிப் பிற மனங்கள் உண்டு என்று நிறுவினார். என் பேச்சுக்கும் நடைக்கும் முன்னால் என் எண்ணம் இருப்பதை நான் அறிவேன். என் எண்ணம் இல்லாமலேயே சில பேச்சுகளும் நடைகளும் எனக்குத் தோன்றுகின்றன. அவற்றுக்குப் பின்னால் வேறோர் எண்ணம் இருக்க வேண்டும் என்பது அவர் வாதத்தின் போக்கு. பதினோராம் நூற்றாண்டில் விக்கிரமசீலா மகாவிகாரையைச் சேர்ந்த ரத்னகீர்த்தி அதே மரபுக்குள் நின்றுகொண்டு, பரமார்த்த நிலையில், அதாவது இறுதி உண்மையின் நிலையில், பிற மனம் என்று ஒன்றை நிறுவவே முடியாது என்று எழுதினார். இரண்டு மனங்களுக்கு நடுவே இருக்கும் எல்லைக்கோட்டைப் பார்த்தவர் யார் என்பது அவர் கேள்வி. பௌத்த ஆசிரியர் ஒருவர், அதுவும் எல்லா உயிர்களிடமும் கருணை காட்டு என்று போதிக்கும் சமயத்தில் இருந்துகொண்டு, இப்படி எழுதுகிறார் என்றால் அந்த மடத்துச் சாப்பாட்டுக்கூடத்தில் என்னென்ன பேசியிருப்பார்கள் என்று நினைத்துப் பாருங்கள். அதை எழுதுங்கள்.

கிரேக்கப் பக்கம் போனால் வேறொரு வகைச் சரக்குக் கிடைக்கும். இன்றைய லிபியாவின் கடலோரத்தில் இருந்த கிரேக்கக் குடியேற்றம் சைரீன். சாக்ரடீஸின் வட்டத்தைச் சேர்ந்த அரிஸ்டிப்பஸ் அந்த ஊர்க்காரர். அவர் வழிவந்த மரபினர் ஒரு விசித்திரமான கட்டுப்பாட்டை வைத்துக்கொண்டார்கள். நமக்கு நேர்வதை மட்டும்தான் நாம் அறிவோம், அதில் தவறே வராது. அதை நேர்வித்த பொருள் எப்படிப்பட்டது என்று சொல்ல நமக்கு வழியில்லை. எனவே ‘தேன் இனிப்பானது’ என்று சொல்லக்கூடாது, ‘நான் இனிப்பாக்கப்படுகிறேன்’ என்பதுபோல்தான் சொல்ல வேண்டும். சுவர் வெள்ளை என்று சொல்லாமல் ‘நான் வெள்ளையாக்கப்படுகிறேன்’ என்பார்கள். எபிகூரஸ் என்ற கிரேக்கத் தத்துவவாதியின் சீடரான கொலோட்டஸ் இதைப் பிடித்துக்கொண்டார். இந்த ஆட்கள் சுவர் இருக்கிறது, குதிரை இருக்கிறது, மனிதன் இருக்கிறான் என்று சொல்வதில்லையாம், தாங்கள் சுவராக்கப்படுகிறார்களாம், குதிரையாக்கப்படுகிறார்களாம், மனிதனாக்கப்படுகிறார்களாம் என்று கிண்டல் செய்தார். அந்தக் கிண்டல் எபிகூரஸ் மரபினரையும் சேர்த்தே குத்துகிறது என்று சில நூற்றாண்டு கழித்துப் புளூடார்க் என்ற கிரேக்க எழுத்தாளர் பதில் எழுதினார்.

உங்கள் பாத்திரங்கள் பேசும் பேச்சுக்கு இதில் ஒரு பாடமும் ஓர் இடைஞ்சலும் இருக்கின்றன. மரபைக் காட்ட விளக்கம் எழுத வேண்டியதில்லை, அவர்கள் பேசும் விதத்தை ஓர் அங்குலம் மாற்றினால் போதும் என்பது பாடம். இடைஞ்சல் என்னவென்றால், ‘எனக்குக் குளிர்கிறது’, ‘எனக்குக் கசக்கிறது’ என்று தமிழர் எல்லோரும் தினமும் பேசுகிறோம். சுவையிலும் குளிரிலும் இந்த நடையைக் கையாண்டால் வாசகருக்கு எந்த வேறுபாடும் தெரியாது. கொலோட்டஸ் கிண்டலுக்கு எடுத்துக்கொண்ட சுவருக்கும் குதிரைக்குமே இதைக் கொண்டுபோக வேண்டும். ‘எனக்குச் சுவரடிக்கிறது’ என்று உங்கள் தீவுக்காரர் ஒருவர் சாதாரணமாகச் சொல்லிவிட்டு நடக்கட்டும்.

நிறுவனர் பற்றிக் கேட்டீர்கள். மலையுச்சியில் தவமிருந்து ஞானம் பெற்றவராக ஆக்கிவிடாதீர்கள், தயவுசெய்து. வைத்தியராக ஆக்குங்கள். இந்த மரபுகளின் உதாரணங்களைக் கொஞ்சம் உற்றுப் பார்த்தால் எங்கும் நோயாளிகள்தாம்: வசுபந்துவின் கண்நோய்க்காரன், மஞ்சள்காமாலை வந்தவனுக்குத் தேன் கசப்பதாகச் சொல்லும் கிரேக்க ஐயவாதிகள் (பொருளின் இயல்பு பற்றித் தீர்ப்பே சொல்லாதவர்கள்), கண்ணை விரலால் அழுத்தி ஒன்றை இரண்டாகப் பார்ப்பவன். அந்த ஐயவாதிகளின் வாதங்களைத் தொகுத்துத் தந்த செக்ஸ்டஸ் எம்பிரிகஸ் தொழிலால் மருத்துவர். தன் நாக்கைவிடத் தன் நோயாளியின் நாக்கைப் பற்றி அதிகம் கேட்கப் பழகியவருக்கு இந்த ஐயம் வருவது இயல்புதானே.

வைத்தியர் என்றால் மூலிகை கைவசம் இருக்கும். சிறுகுறிஞ்சானை மரபின் தீட்சைச் சடங்காக வைக்கலாம் என்பது என் யோசனை. சர்க்கரைக்கொல்லி என்று நம் ஊரில் சும்மாவா பெயர் வைத்தார்கள்! புதிய மாணவனுக்கு இரண்டு இலை கொடுத்து நன்றாக மென்று வாயில் சற்று நேரம் வைத்திருக்கச் சொல்லுங்கள். கசப்பு. துப்பிவிட்டு வாயைக் கொப்பளிக்கட்டும். பிறகு ஒரு சிட்டிகைச் சர்க்கரையை நாக்கில் வைத்தால் மணலைப் போட்டதுபோல் நறநறக்கும், இனிப்பு துளியும் இருக்காது. வெல்லத்துக்கும் அதே கதிதான். உப்பு மட்டும் உப்பாகவே இருக்கும், புளியும் புளியாகவே இருக்கும். இலையில் உள்ள ஜிம்னிமிக் அமிலங்கள் நாக்கில் இனிப்பை உணரும் ஏற்பிகளில் போய் ஒட்டிக்கொள்வதுதான் காரணம். அரை மணி நேரமாவது இந்த நிலை நீடிக்கும். பக்கத்தில் இலை மெல்லாத மாணவன் ஒருவன் அதே கிண்ணத்துச் சர்க்கரையைத் தின்றுகொண்டிருக்கட்டும்.

இப்போது எதிராளியை உள்ளே விடுங்கள். “இலை உன் நாக்கை மழுக்கிவிட்டது, அவ்வளவுதான். இனிப்பு சர்க்கரையில் அப்படியே இருக்கிறது” என்பான். “இருக்கிறது என்று யார் சொன்னது? இன்னொரு நாக்குதானே?” என்று குரு கேட்பார். எதிராளி கிண்ணத்தைக் காட்டுவான். எறும்பு வந்திருக்கும். எவன் இலை மென்றான் என்று எறும்பு விசாரித்துவிட்டா வந்தது? சர்க்கரையில் ஏதோ இருப்பதால்தான் அது வருகிறது. நல்ல அடி. குரு சற்று யோசித்துவிட்டு மடத்துப் பூனையைக் கொண்டுவரச் சொல்வார். பூனை சர்க்கரையை முகர்ந்து பார்த்துவிட்டு நகர்ந்துவிடும். இது வெறும் கற்பனையில்லை; பூனை இனத்தில் இனிப்பு ஏற்பியை ஆக்கும் மரபணுக்களில் ஒன்று பழுதாகிச் செயலிழந்து கிடப்பதை 2005-இல் கண்டறிந்தார்கள். புலிக்கும் அப்படித்தான். ‘விலங்குக்கு விலங்கு புலன் வேறு, எந்த விலங்கின் தீர்ப்பை ஏற்பது?’ என்பது கிரேக்க ஐயவாதிகள், தங்களில் ஒருவரான ஐனெசிடெமஸின் காலத்திலிருந்து சொல்லிவந்த பத்து வாதங்களில் முதல் வாதம். எதிராளி தோற்றுவிட்டானா? இல்லை. “எறும்புக்கு ஏதோ நேர்கிறது, பூனைக்கு நேரவில்லை என்று எனக்குச் சொல்கிறாயே, எறும்பும் பூனையும் உனக்குத் தோன்றும் தோற்றங்கள்தானே? அவற்றை வைத்து எதை நிறுவுகிறாய்?” என்று திருப்பியடிப்பான். பத்துப் பக்கம் எழுதலாம் என்கிறேன், கிண்ணம் ஒன்று, எறும்பு கொஞ்சம், பூனை ஒன்று.

சடங்கில் ஒரு குறை இருக்கிறது. இலை ஒரே நாக்கை முன்னும் பின்னுமாக மாற்றிக் காட்டுகிறது. பிறவியிலேயே இரண்டு நாக்குகள் வேறுபடும் என்பதை அது காட்டாது. அதற்கு 1931-இல் அமெரிக்காவின் டியூபாண்ட் ஆய்வகத்தில் நடந்ததைப் பாருங்கள். ஆர்தர் ஃபாக்ஸ் என்ற வேதியியலாளர் ஃபீனைல்தயோகார்பமைடு என்ற பொடியைக் கையாண்டபோது கொஞ்சம் காற்றில் பறந்தது. உடனிருந்தவர் ஒரே கசப்பு என்று முகத்தைச் சுளித்தார். ஃபாக்ஸுக்கு எந்தச் சுவையும் தெரியவில்லை. பொடியை நாக்கில் வைத்துப் பார்த்தும் தெரியவில்லை. பிறகு பலரிடம் சோதித்ததில் மனிதர்கள் இப்படி இரு கூறாகப் பிரிவதும், அது பரம்பரையாக வருவதும் தெரியவந்தன. காரணமான மரபணு 2003-இல் பிடிபட்டது. உங்கள் தீவில் இப்படி ஒரு பட்டை அல்லது வேர் விளைவதாக வைத்துக்கொள்ளுங்கள். மரபின் இரண்டு பீடங்கள் ‘கசப்பவர்’ என்றும் ‘கசக்காதவர்’ என்றும் பிரிந்து, பெண் கொடுத்துப் பெண் எடுக்காமல் இருப்பதற்கு இதைவிட நல்ல காரணம் எனக்குத் தோன்றவில்லை.

மூலநூலைப் பற்றி: எழுதாதீர்கள். தொலைந்துபோனதாக வைத்துவிடுங்கள். சோம்பலுக்குச் சொல்லவில்லை, இத்தகைய மரபுகளின் கதி பெரும்பாலும் அதுதான். சைரீன்காரர்கள் எழுதிய எதுவும் இன்று நம் கையில் இல்லை. செக்ஸ்டஸும் சிசரோவும் புளூடார்க்கும் மேற்கோள் காட்டியதை வைத்துத்தான் அவர்களைத் தெரிந்துகொள்கிறோம். விம்சதிகா சீன, திபெத்திய மொழிபெயர்ப்புகளில் வாழ்ந்துவந்தது. நேபாளத்தில் கிடைத்த ஏடுகளைக் கொண்டு சில்வன் லெவி என்ற பிரெஞ்சு அறிஞர் அதன் சமஸ்கிருத வடிவத்தை 1925-இல் பாரிஸில் பதிப்பித்தார். ரத்னகீர்த்தியின் நூல்களோ, ராகுல சாங்கிருத்தியாயன் என்ற இந்திய அறிஞர் 1930-களில் திபெத்திய மடங்களுக்குள் அலைந்து ஏடுகளைப் படமெடுத்து வந்திராவிட்டால் நமக்குக் கிடைத்திருக்குமா என்பதே ஐயம்.

தமிழிலேயே இதற்கு நல்ல முன்மாதிரி உண்டு. குண்டலகேசி என்ற பௌத்தக் காப்பியம் முழுதாகக் கிடைக்கவில்லை. அதை மறுக்க எழுந்த சமண நூலான நீலகேசியும் அதன் உரையும் பிழைத்திருப்பதால்தான் அந்தக் காப்பியம் எதைச் சொன்னது என்று கொஞ்சமாவது ஊகிக்க முடிகிறது. பதின்மூன்றாம் நூற்றாண்டில் அருணந்தி சிவாசாரியார் எழுதிய சிவஞான சித்தியார் என்ற சைவ நூலின் பரபக்கம், அதாவது பிற மதங்களை மறுக்கும் பகுதி, இன்னும் பொருத்தம். அதில் கண்ணால் காண்பதை மட்டும் நம்பும் உலகாயதன் தொடங்கி ஒவ்வொரு மதத்தவனையும் மேடையேற்றி, அவன் கொள்கையை அவன் வாயாலேயே சொல்லவிட்டு, பிறகு மறுக்கிறார். பௌத்தத்தில் மட்டும் நான்கு பிரிவினர் வருகிறார்கள், யோகாசாரனும் அவர்களில் ஒருவன். தமிழ்நாட்டில் யோகாசாரர் கண்ணில் தென்படாமல் போன பிறகும் அந்தக் கொள்கை சைவ மடத்து ஏட்டுக்குள் பத்திரமாக இருந்தது. மறுப்பதற்காகவாவது மனப்பாடம் செய்துகொண்டார்களே!

இந்த இடத்தில் ஒரு சின்ன விலகல், நம் ஊர்ப் பெருமைக்காக என்றே வைத்துக்கொள்ளுங்கள். யோகாசாரத்தின் பெரிய உரையாசிரியர்களில் ஒருவரான தர்மபாலர் காஞ்சிபுரத்துக்காரர். ஆறாம் நூற்றாண்டில் நாளந்தாவின் தலைமை ஆசிரியராக இருந்தவர். அவர் மாணவர் சீலபத்திரர், சீலபத்திரரிடம் படித்தவர் சீனப் பயணி யுவான் சுவாங். யுவான் சுவாங் தம் பயணக்குறிப்பில் காஞ்சியைப் பற்றி எழுதும்போது தர்மபாலர் கதையையும் சொல்கிறார்: அமைச்சர் மகன், அரசன் மகளுக்கு மணம் பேசி முடித்தாயிற்று, மணநாள் இரவு அவர் புத்தர் சிலை முன் நின்று மனமுருகி வேண்ட, தெய்வம் ஒன்று அவரைத் தூக்கிக்கொண்டுபோய்த் தொலைதூர மடத்தில் விட்டுவிட்டதாம். நாடு திரும்பிய யுவான் சுவாங் வசுபந்துவின் இன்னொரு நூலான முப்பது செய்யுள்களுக்கான இந்திய உரைகளை ஒன்றுசேர்த்து, முக்கியமாகத் தர்மபாலர் கருத்தைத் தழுவி, 659-இல் ஒரு பெருநூலைச் சீனத்தில் ஆக்கினார். ஜப்பானின் நாரா நகரத்து மடங்களில் அது இன்றும் பாடம். மணிமேகலையும் காஞ்சியில்தான் அறவண அடிகளிடம் அளவை, அதாவது தருக்கம், பயில்கிறாள். பெயர், சாதி, குணம், செயல் ஆகிய கற்பிதங்கள் ஏறுவதற்கு முன் புலனில் படுவது எதுவோ அதுதான் காட்சி என்று அங்கே அவளுக்குச் சொல்லித்தரப்படுகிறது. அது பௌத்தத் தருக்க ஆசிரியரான தின்னாகர் மரபின் இலக்கணம். உங்கள் தீவிலும் இப்படி ஒரு பெண் மாணவி வரட்டும், பூனை வாதத்தை அவளே முடித்துவைக்கட்டும்.

ஆக, மூலநூலுக்குப் பதில் எதிராளி எழுதிய மறுப்புநூலிலிருந்து பத்துப் பன்னிரண்டு வரி கொடுங்கள். அதில் கொஞ்சம் திரிபும் கொஞ்சம் ஏளனமும் இருக்கட்டும். வாசகர் அந்தத் திரிபைத் தாண்டி உண்மையான கொள்கையை ஊகிக்க முயல்வார். ஊகிக்க முயலும் வாசகர் நம்பத் தொடங்கிவிட்டார் என்று பொருள்.

கடைசிக் கேள்வி அரசவை. இந்தக் கொள்கைக்காரர் அதிகாரத்துக்கு வந்தால் எல்லாம் தாறுமாறாகும் என்று எதிர்பார்க்கிறீர்கள் போலிருக்கிறது. வரலாறு அப்படிச் சொல்லவில்லை. கிரேக்க ஐயவாதத்தின் முன்னோடியான பிர்ரோ, வண்டி வந்தாலும் நாய் வந்தாலும் பள்ளம் வந்தாலும் ஒதுங்கவே மாட்டார், நண்பர்கள்தான் பின்னாலேயே போய்க் காப்பாற்றுவார்கள் என்று ஒரு வதந்தி அந்தக் காலத்திலேயே இருந்தது. அந்த வதந்தியைப் பதிவுசெய்த பழைய ஏடே அவர் தொண்ணூறு வயதுவரை வாழ்ந்ததாகவும் சொல்வதால் நண்பர்கள் மிகத் திறமைசாலிகளாக இருந்திருக்க வேண்டும். ஐனெசிடெமஸ் இதை மறுத்து, அவர் அன்றாட வாழ்வில் கவனமாகத்தான் இருந்தார் என்றார். செக்ஸ்டஸோ தெளிவாகவே வழி சொல்லிவிட்டார்: பசித்தால் உண்போம், ஊர் வழக்கத்தையும் சட்டத்தையும் பின்பற்றுவோம், கற்ற தொழிலைச் செய்வோம், பொருளின் உள்ளியல்பு பற்றி மட்டும் தீர்ப்புச் சொல்லமாட்டோம். யோகாசாரரும் பரமார்த்தத்தை ஒரு பக்கம் வைத்துவிட்டு அன்றாடப் பேச்சில் பானையைப் பானை என்றுதான் சொன்னார்கள். எனவே உங்கள் தத்துவவாதிகள் அரசவையில் புரட்சிக்காரர்களாக இருக்கமாட்டார்கள், பழைய வழக்கங்களைக் கட்டிக்காப்பவர்களாக இருக்கவே வாய்ப்பு அதிகம். இது கதைக்குச் சுவாரசியம் குறைவு என்று தோன்றினால் அவர்களை நீதிமன்றத்தில் உட்கார வையுங்கள்.

ஐயவாதிகளின் பத்து வாதங்களை நான் படித்தபோதெல்லாம் அவை குறுக்கு விசாரணைக் குறிப்புகளைப் போலவே எனக்குத் தோன்றியிருக்கின்றன. பார்த்தவன் யார்? எந்தப் புலனால் அறிந்தான்? அப்போது அவன் பசியோடு இருந்தானா, குடித்திருந்தானா, தூக்கத்திலிருந்து எழுந்தவனா, கிழவனா? எவ்வளவு தூரத்தில் நின்றான்? சதுரக் கோபுரம் தொலைவிலிருந்து வட்டமாகத் தெரியும், நேரான துடுப்பு நீருக்குள் வளைந்து தெரியும் என்பவை அவர்களின் வழக்கமான உதாரணங்கள். இடையில் புகையோ பனியோ இருந்ததா? அடிக்கடி காண்பதைப் பார்த்தானா, முதல் தடவையாகப் பார்த்தானா? அவன் ஊர் வழக்கம் அவனை எதைப் பார்க்கத் தயார்செய்து வைத்திருந்தது? இப்படிப் பழகிய நீதிபதி ‘என்ன நடந்தது?’ என்று கேட்கவே மாட்டார். ‘எங்கே நின்றாய், என்ன சாப்பிட்டிருந்தாய்?’ என்பார். தீவு மக்களுக்கு முதல் சில ஆண்டுகள் இது பெரிய வரமாகத் தெரியும், பொய்ச்சாட்சி ஒருவனும் தேறமாட்டான். பிறகு மெய்ச்சாட்சியும் தேறமாட்டான். பணக்காரன் மடத்துப் பட்டதாரி ஒருவனை அமர்த்திக்கொண்டு எந்தச் சாட்சியையும் பத்தே கேள்வியில் கலைத்துவிடுவான். உங்கள் எதிராளி இந்தக் கட்டத்தில் தெருவுக்கு வரலாம்.

அங்கே சைரீன்காரர்களிடமிருந்து ஒன்றை எடுத்துக்கொள்ளுங்கள். பொருளைப் பற்றிய எந்தக் கூற்றையும் மறுக்கலாம், ஆனால் நேர்ந்த உணர்வை மட்டும் மறுக்க முடியாது என்பது அவர்கள் நிலை. அடிபட்டவன் ஒருவன் நீதிமன்றத்துக்கு வருகிறான் என்று வையுங்கள். அடித்தவன் யார் என்பதற்குச் சாட்சி கலைந்துவிட்டது. முதுகில் தெரியும் தழும்பும் காண்பவரின் தோற்றம்தான் என்று எதிர்வாதி நிரூபித்துவிட்டான். ஆனால் அவனுக்கு வலிக்கிறது என்ற ஒன்றை அந்த மரபின் விதிப்படி நீதிபதி ஏற்றே ஆக வேண்டும். குற்றவாளி இல்லை, ஆயுதம் இல்லை, காயம் இல்லை, வலி மட்டும் நிரூபணமாகிவிட்ட வழக்கு. நாவலை அந்த விசாரணை நாளில் தொடங்கி, மடத்தையும் இலையையும் பூனையையும் பின்னோக்கிச் சொல்லிக்கொண்டு போகலாம் என்பது என் கருத்து.